ஸ்டேஷன் பின்பக்கம் ஒரு டிப்பர்

எங்கள் ஊர்க் காவல் நிலையத்துக்குப் பின்னால், வேப்பமரத்தடியில் ஒரு டிப்பர் நிற்கிறது. லோடில் இருந்த கிராவலில், பெய்த மழைக்கு அருகம்புல் முளைத்துவிட்டது. முன் டயர் இரண்டும் வெடிப்பு விட்டுக் காற்று இறங்கிக் கிடக்கின்றன. பேட்டரி இருந்த இடத்தில் ஒயர்தான் தொங்குகிறது. வண்டிக்காரர் பெரிய முதலாளி இல்லை. ஃபைனான்ஸில் வாங்கிய ஒற்றை வண்டி, அவரேதான் டிரைவர். "நடைச்சீட்டுல போட்ட நேரம் தாண்டிப் போச்சுன்னு பிடிச்சாங்கண்ணே. வண்டி ஓடலேன்னாலும் டியூ ஓடுதே" என்றார்.

மணல் கொள்ளைக்குப் பரிந்து பேச எனக்கு மனம் வராது. நான் திருச்சிப் பக்கத்துக்காரன். 2018 ஆகஸ்டில் முக்கொம்பு மேலணையின் ஒன்பது மதகுகளை வெள்ளம் அடித்துக்கொண்டு போனபோது, ஆற்றில் அளவில்லாமல் மணல் அள்ளியதும் ஒரு காரணம் என்று இங்கே பேசாதவர் இல்லை. அதே ஆண்டு அக்டோபரில் உயர் நீதிமன்ற மதுரைக் கிளை, மணல் கடத்தலில் பிடிபடும் வண்டிகளை லேசில் திருப்பிக் கொடுக்காமல் அரசுடைமையாக்க நடவடிக்கை எடுங்கள் என்று கடுமை காட்டியது. அந்தக் கோபம் நியாயமானது. அபராதத்தைக் கட்டிவிட்டு அன்றைக்கு ராத்திரியே அதே வண்டி ஆற்றில் இறங்கிய காலம் ஒன்று இருந்தது.

ஆனால், கொடுக்கவும் மாட்டோம், அரசுடைமையாக்கவும் மாட்டோம் என்று வெயிலில் போட்டு வைப்பதற்குச் சட்டத்தில் இடமே இல்லை. 1957ஆம் ஆண்டுக் கனிமச் சட்டத்தின் 21ஆவது பிரிவு, வண்டியைக் கைப்பற்றும் அதிகாரத்தை அலுவலருக்குக் கொடுக்கிறது. அரசுடைமையாக்கும் அதிகாரமோ நீதிமன்றத்துக்குத்தான். 2002இல் சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கிலேயே, கைப்பற்றிய வண்டிகளைக் காவல் நிலையங்களில் நெடுநாள் நிறுத்தி வைப்பதால் ஒரு பயனும் இல்லை என்று உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. 2024 ஜூலையில் நடைமுறைக்கு வந்த புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 497ஆவது பிரிவு கெடுவே வைக்கிறது. வண்டி நீதிமன்றத்தின் முன் வந்த 14 நாளுக்குள் அதன் விவரம் எழுதப்பட வேண்டும், படம் எடுக்கப்பட வேண்டும். அதற்குப் பின் 30 நாளுக்குள் அதை என்ன செய்வது என்று உத்தரவு வர வேண்டும். அந்தப் படமே விசாரணையில் சாட்சியமாகும். சாட்சிக்கு வேண்டும் என்று லாரியைத் துருப்பிடிக்க விட வேண்டியதில்லை.

வண்டிக்காரர்கள் திணறுவது வேறு இடத்தில். எந்தக் கதவைத் தட்டுவது? வழக்கு பதிவான பிறகு ஸ்டேஷனில் கெஞ்சிப் பயனில்லை, புரோக்கரிடம் பணம் கொடுப்பது அதைவிட வீண். முதல் தகவல் அறிக்கையின் நகலை வாங்கிப் பிரிவுகளைப் பாருங்கள். பெரும்பாலும் திருட்டுப் பிரிவும் கனிமச் சட்டமும் சேர்ந்தே இருக்கும். இரண்டிலும் வழக்குப் போடலாம் என்று 2014இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொல்லியிருக்கிறது. கனிமச் சட்டம் சேர்ந்துவிட்டால், மனுவை மாஜிஸ்திரேட்டிடம் போடுவதா, 2015 திருத்தத்தின்படி அமைந்த சிறப்பு நீதிமன்றத்திலா என்பதை வக்கீலிடம் முதலிலேயே கேட்டுத் தெளிந்துகொள்ளுங்கள். தப்பான இடத்தில் போட்ட மனு திரும்பி வருவதற்குள் ஒரு மாத டியூ போய்விடும்.

ஆர்.சி. புத்தகம், இன்சூரன்ஸ், நடைச்சீட்டு, குவாரியில் கொடுத்த பில், கடன் ஒப்பந்தம் எல்லாம் கையில் இருக்கட்டும். நேரம் தாண்டியது பஞ்சராலா, பாலத்தில் நெரிசலாலா என்பதற்குச் சின்னத் துண்டுச்சீட்டு இருந்தாலும் அதையும் சேருங்கள். வண்டி கிடைத்தாலும் நிபந்தனையோடுதான் கிடைக்கும்: ஜாமீன்தாரர், பிணைத் தொகை, விற்கக் கூடாது, உருமாற்றக் கூடாது, கூப்பிட்டபோது கொண்டுவந்து நிறுத்த வேண்டும்.

இன்னொன்றையும் சொல்லியாக வேண்டும். இப்படிப்பட்ட வழக்குகளில் டிரைவர் பெயரும் வண்டி எண்ணும் தவறாமல் இருக்கின்றன. மண்ணை வெட்டிக் கொடுத்தவர், லோடு கேட்டுப் போன் போட்டவர் பெயரைத் தேடத்தான் வேண்டியிருக்கிறது. வண்டியைப் பிடித்த அன்றே அந்தக் குவாரியின் நடைச்சீட்டுப் பதிவேட்டையும் கனிமவளத் துறை எடுத்துப் பார்க்கட்டும். அனுமதித்த அளவு எவ்வளவு, வெளியே போன லோடு எவ்வளவு, ஒரே சீட்டில் எத்தனை நடை என்று கணக்குக் கேட்கட்டும். அந்தக் கணக்கு நீதிமன்றத்துக்கு வந்தால்தான் யார் வண்டியை விடுவிப்பது, யார் வண்டியை ஏலம் விடுவது என்று நீதிபதியால் பிரித்துப் பார்க்க முடியும்.