எண் மாறினால் டிக்கெட் செத்துப்போகுமா?



சென்ற மாதம் ஒரு செவ்வாய் இரவு, சங்க அறையைப் பூட்டப் போன நேரத்தில் ஒரு தாயும் மகனும் வந்து நின்றார்கள். தாராவி தொண்ணூறு அடி சாலைப் பக்கம் குடியிருப்பவர்கள். சொந்த ஊர் திருநெல்வேலிச் சீமை. மகனுக்குத் தம்மாமில் பைப் ஃபிட்டர் வேலை. இரண்டு மாத விடுப்பில் வந்தவர். பாஸ்போர்ட் காலாவதியாக நான்கு மாதமே இருந்ததால் மும்பையிலேயே புதுப்பித்துக்கொண்டார். புதிய புத்தகம் தபாலில் வந்து சேர்ந்துவிட்டது. இன்னும் ஆறு நாளில் விமானம். டிக்கெட் முன்பே எடுத்தாயிற்று.

"அண்ணாச்சி, ஒரு மூவாயிரம் கைமாத்தாக் கிடைக்குமா? நாலாயிரத்துக்குக் கம்மலை வச்சுட்டேன்" என்றார் அந்த அம்மா.

எதற்கு 7,000 ரூபாய்? டிக்கெட் எடுத்துக் கொடுத்த ஏஜென்ட் சொன்னாராம்: "பழைய பாஸ்போர்ட் எண்ணில் எடுத்த டிக்கெட் இது. எண் மாறிவிட்டது, ஆகவே டிக்கெட் செத்துவிட்டது. ஏழாயிரம் கொடுத்தால் மாற்றித் தருகிறேன். இல்லாவிட்டால் புது டிக்கெட்தான்."

நாம் பூட்டைத் திறந்தோம். தம்பியிடம் டிக்கெட்டை வாங்கினோம். அதில் ஆறு எழுத்தும் எண்ணுமாக பி.என்.ஆர். இருந்தது. (ரயில் பி.என்.ஆர். 10 எண், விமானத்துக்கு ஆறு இடம்தான்.) நமது தோழர் ஒருவரின் கைபேசியில் விமானக் கம்பெனியின் சொந்த இணையப் பக்கத்தைத் திறந்து, பி.என்.ஆரையும் பெயரையும் கொடுத்தோம். பதிவு வந்தது. பாஸ்போர்ட் விவரம் என்ற கட்டத்துக்குப் போனோம்.

கட்டம் காலியாக இருந்தது!

பழைய எண்ணும் இல்லை, எந்த எண்ணும் இல்லை. பாஸ்போர்ட் எண்ணைக் கேட்காமலே எடுக்கப்பட்ட டிக்கெட் அது. அப்படியானால் எந்த எண்ணை மாற்ற ஏழாயிரம்? புதிய எண், வழங்கிய நாடு, காலாவதித் தேதி, பிறந்த தேதி எல்லாவற்றையும் அடித்தோம். சேமிக்கச் சொன்னோம், சேமித்தது. பத்து நிமிடம் ஆகியிருக்கும். காசு கேட்கவில்லை.

அந்த அம்மா நம்பவில்லை. "இவ்வளவுதானா?" என்று மூன்று முறை கேட்டார். மறுநாள் காலை கம்மலை மீட்கப் போனபோது ஒரு நாள் வட்டி என்று அடகுக்கடைக்காரர் ஒரு மாத வட்டியை எடுத்துக்கொண்டாராம். அது வேறு கதை. அதையும் ஒரு நாள் எழுதுவோம்.

தோழர்களே, இது ஒரு வீட்டுக் கதை என்று நினைக்காதீர்கள். மாட்டுங்கா லேபர் கேம்ப்பிலும் ஆண்டாப் ஹில்லிலும் சீத்தா கேம்ப்பிலும் இதே பேச்சை நாம் கேட்டிருக்கிறோம். ஓரிடத்தில் இரண்டாயிரம், ஓரிடத்தில் ஐயாயிரம். தொகைதான் மாறுகிறது, "டிக்கெட் செத்துவிட்டது" என்ற வசனம் மாறவில்லை. ஆகவே விஷயத்தை விளக்கமாகச் சொல்லிவிடுவது நமது கடமை.

விமான டிக்கெட் உங்கள் பெயரில் நிற்கிறது. பாஸ்போர்ட் எண்ணில் நிற்கவில்லை. அப்படியானால் எண்ணை எதற்குக் கேட்கிறார்கள்? வெளிநாட்டு விமானத்தில் யார் யார் வருகிறார்கள் என்ற பட்டியலை, விமானக் கம்பெனி போய்ச் சேரும் நாட்டு அதிகாரிகளுக்கு முன்கூட்டியே அனுப்ப வேண்டும். பெயர், பிறந்த தேதி, நாடு, பாஸ்போர்ட் எண், காலாவதித் தேதி ஆகியவை அந்தப் பட்டியலுக்கான தகவல்கள். நமது நாட்டுக்குள் வரும் விமானத்துக்கும் இதே ஏற்பாடுதான். டிக்கெட் எடுக்கும்போதே கொடுத்திருக்கலாம், பிறகும் கொடுக்கலாம், கொடுத்ததைத் திருத்தலாம். எதுவுமே செய்யாமல் சஹார் விமான நிலையக் கவுண்டரில் போய் நின்றாலும், பாஸ்போர்ட்டின் புகைப்படப் பக்கத்து அடியில் இருக்கும் இரண்டு வரிகளை (வரிக்கு 44 இடம்) இயந்திரம் படித்துக்கொள்ளும். அப்போது புதிய எண் தானாக ஏறும். முன்கூட்டியே திருத்திவைப்பது நல்லது. வரிசையில் நிற்கும்போது பதற்றம் இருக்காது. ஆனால் அதற்கு ஒரு விலை வைத்து, பயத்தைக் காட்டி வாங்குவதை நாம் என்னவென்று சொல்வது? வழிப்பறி என்றுதான் சொல்வோம்.

இதில் நமக்கு ஆத்திரம் மூட்டியது ஏழாயிரம் ரூபாய் மட்டுமல்ல. அந்தத் தம்பியிடம் உண்மையிலேயே சொல்லவேண்டிய ஒன்று இருந்தது. அதை ஏஜென்ட் சொல்லவே இல்லை. சவூதியில் வேலை செய்கிறவனின் இகாமாப் பதிவில் பாஸ்போர்ட் எண் இருக்கிறது. புதிய எண்ணை அங்கே ஏற்ற வேண்டும். அது கம்பெனி செய்ய வேண்டிய வேலை. விசா பழைய எண்ணின் மேல் இருக்கும்போது பழைய பாஸ்போர்ட்டைக் கையில் வைத்திருக்காமல் விமான நிலையத்துக்குப் போனால் அங்கேதான் உண்மையான தொல்லை காத்திருக்கிறது. பழையது எங்கே என்று கேட்டோம். "மூலையை வெட்டிக் கொடுத்தார்கள், செல்லாததுதானே என்று வீட்டில் எங்கேயோ போட்டேன்" என்றார் தம்பி. அந்த இரவே வீட்டுக்கு ஓடித் தேடி எடுத்தார்கள். அரிசி டப்பாவுக்கு அடியில் கிடந்ததாம். புதிய பாஸ்போர்ட்டின் முதல், கடைசிப் பக்கங்களைப் படம் எடுத்து, கம்பெனி அலுவலகத்தில் காகித வேலை பார்ப்பவருக்கு அனுப்பச் சொன்னோம்.

பொய்யான ஆபத்துக்கு விலை கேட்கத் தெரிந்தவருக்கு மெய்யான ஆபத்தைப் பற்றி ஒரு வார்த்தை சொல்ல வாய் வரவில்லை!

இனி பெயருக்கு வருவோம். எண் மாறுவது சின்ன விஷயம். பெயர் மாறுவது அப்படியல்ல. இரண்டையும் ஒன்றாகக் குழப்பித்தான் நம்மை மிரட்டுகிறார்கள்.

நமக்கு ஒரே பெயர். அப்பா பெயர் முன்னெழுத்தாக நிற்கும். சாதிப் பட்டத்தைப் பெயரின் வாலிலிருந்து வெட்டி எறிந்தது நம் மக்களின் பெருமை. ஆனால் பாஸ்போர்ட்டில் இரண்டு கட்டம் இருக்கிறது: ஒன்று குடும்பப் பெயர், இன்னொன்று இட்ட பெயர். நம்மவர் பலருடைய புத்தகத்தில் குடும்பப் பெயர்க் கட்டம் வெறுமையாகக் கிடக்கிறது. டிக்கெட் எடுக்கும் இயந்திரமோ வெறுமையை ஒப்புக்கொள்ளாது. ஒரு கம்பெனி அதே பெயரை இரண்டு தடவை எழுது என்கிறது. இன்னொரு கம்பெனி பெயர் தெரியாது என்று பொருள்படும் மூன்று ஆங்கில எழுத்தைப் போடு என்கிறது. பெயர் தெரியாதாம்! பெற்று வளர்த்து பெயர் வைத்தவர்கள் ஊரில் இருக்க, டிக்கெட்டில் நாம் பெயர் தெரியாதவர்கள்.

2022 நவம்பர் 21 முதல் என்ன நடந்தது என்பது நினைவிருக்கும். பாஸ்போர்ட்டில் ஒற்றைப் பெயர் மட்டும் உள்ளவர்கள் விசிட் விசாவில் வர முடியாது என்று ஐக்கிய அரபு அமீரகம் அறிவித்தது. இரண்டாம் பக்கத்தில் தந்தை பெயரோ குடும்பப் பெயரோ இருந்தால் போதும் என்று பிறகு விளக்கம் வந்தது. அந்த இடைவெளியில் நம் குடும்பங்கள் பட்ட கலக்கம் கொஞ்சமா? மகனைப் பார்க்கப் போகவிருந்த பெற்றோர் பெட்டியைக் கட்டிவைத்துக்கொண்டு என்ன செய்வது என்று தெரியாமல் உட்கார்ந்திருந்தார்கள்.

அந்தப் பயம் இன்னும் போகவில்லை. ஆகவே பாஸ்போர்ட்டைப் புதுப்பிக்கும்போது, விண்ணப்பம் அடித்துக் கொடுக்கும் கடைக்காரர் "பத்திரமாக இருக்கட்டும்" என்று அப்பா பெயரைக் குடும்பப் பெயர்க் கட்டத்தில் ஏற்றிவிடுகிறார். நல்ல எண்ணத்தில்தான் செய்கிறார் என்று வைத்துக்கொள்வோம். ஆனால் பழைய பெயரில் டிக்கெட் எடுத்துவைத்திருப்பவரின் கதி என்ன? டிக்கெட்டில் ஒரு பெயர், புதிய புத்தகத்தில் வேறு வடிவம். கல்யாணமான பெண் பிள்ளைக்குக் கணவன் பெயரைச் சேர்க்கும்போதும் இதே சிக்கல்தான். இதை இணையப் பக்கத்தில் நீங்களே தட்டிச் சரிசெய்ய முடியாது. விமானக் கம்பெனியிடம் நேரே போக வேண்டும், பழைய பாஸ்போர்ட்டையும் புதியதையும் காட்டி ஒரே ஆள்தான் என்று மெய்ப்பிக்க வேண்டும். பயண நாளன்று கவுண்டரில் பார்த்துக்கொள்ளலாம் என்று இருந்துவிடாதீர்கள். இருப்பதிலேயே நல்லது, புத்தகம் கைக்கு வந்த பிறகு டிக்கெட் எடுப்பது. டிக்கெட் எடுத்தாயிற்று என்றால், அந்தப் பயணம் முடியும்வரை பெயரில் கை வைக்காதீர்கள். எண் மட்டும் மாறட்டும்.

டிக்கெட்டில் எழுத்துப் பிழை விழுந்திருந்தால் அதற்கு ஓர் உரிமை உண்டு. 2019-இல் மத்திய அரசு வெளியிட்ட விமானப் பயணிகள் சாசனத்தின்படி, டிக்கெட் எடுத்த 24 மணி நேரத்துக்குள் சொன்னால், அதே ஆளின் பெயர்ப் பிழையைத் திருத்தக் கம்பெனி கூடுதல் காசு கேட்கக் கூடாது. கம்பெனியிடம் நேரே எடுத்த டிக்கெட்டுக்கு இதைத் தைரியமாகக் கேட்கலாம். ஏஜென்ட் கடையில் எடுத்தால்? டிக்கெட்டையே மூன்று நாள் கழித்துத்தானே கண்ணில் காட்டுகிறார்கள்! 24 மணி நேரம் எப்போது வந்து எப்போது போனது என்று யாருக்குத் தெரியும்?

நம்மில் சிலர் ரயில்வே கவுண்டரில் உட்காருபவர்கள். ரயிலில் உறுதியான டிக்கெட்டை, வண்டி புறப்பட 24 மணி நேரம் முன்பு எழுதிக் கொடுத்தால், அப்பா, அம்மா, அண்ணன் தம்பி, அக்கா தங்கை, கணவன் மனைவி, பிள்ளைகள் பெயருக்கு ஒரு தடவை மாற்றித் தருகிறோம். விமானத்தில் அது நடவாது. பாதுகாப்புக் காரணம் என்கிறார்கள், ஒப்புக்கொள்வோம். ரயில் டிக்கெட்டை அனுமதியில்லாமல் வாங்கி விற்றுப் பிழைப்பவனை 1989 ரயில்வே சட்டத்தின் 143-ஆம் பிரிவு மூன்றாண்டு வரை சிறையில் போடச் சொல்கிறது. அப்படியும் தரகர்கள் ஒழியவில்லை என்று நீங்கள் சொல்வீர்கள். உண்மைதான். கவுண்டரில் இருக்கும் நாமும் எரிந்து விழுந்து ஆட்களைத் தரகரிடம் விரட்டியிருக்கிறோம் என்பதையும் மறைக்க வேண்டாம். ஆனால் அங்கே குற்றம் என்று எழுதியாவது வைத்திருக்கிறது.

நமது பொதுக்குழுவில் ஒரு பெரியவர் எழுந்து சொன்னார்: "ஏஜென்ட்டும் நம்ம ஆள்தானே. நடுராத்திரி போன் போட்டாலும் எடுக்கிறான். துபாயில் ஒருவன் இறந்துபோனபோது அவன்தான் ஓடினான். அவனைத் திட்டி எழுதலாமா?" அவருக்கு நமது பதில் இது. ஓடியவருக்கு நன்றி சொல்வோம். டிக்கெட் எடுத்துக் கொடுக்கும் வேலைக்குக் கூலி கொடுப்போம். அதில் தகராறு இல்லை. செய்யாத வேலைக்கு, இல்லாத கட்டணத்தை, தாயின் காதுக் கம்மலிலிருந்து எடுப்பதற்கு நம்ம ஆள் என்பது சலுகைச் சீட்டா? நம்ம ஆள் என்பதால்தான் கேள்வி கேட்காமல் கொடுக்கிறோம். அதுதான் அவருக்கு மூலதனம்.

அவர் கையில் இருக்கும் பிடி எது என்று பார்த்தால் சிரிப்பு வரும். டிக்கெட் எடுக்கும்போது பயணியின் கைபேசி எண் கேட்கும் கட்டத்தில் தன்னுடைய எண்ணைப் போடுகிறார். மின்னஞ்சலும் அவருடையது. விமானம் இரண்டு மணி நேரம் முன்னதாகப் புறப்படும் என்று கம்பெனி செய்தி அனுப்பினால் அது அவருக்குப் போகிறது. ரகசிய எண் கேட்டால் அதுவும் அவர் பாக்கெட்டில் வந்து விழுகிறது. உங்கள் காசு, உங்கள் பெயர், உங்கள் பயணம். சாவி மட்டும் அவரிடம். அடுத்த முறை காசை நீட்டுவதற்கு முன் ஒரே ஒரு வார்த்தை சொல்லுங்கள்: "அண்ணே, என் நம்பரைப் போடுங்க." முகம் சுளித்தால் வேறு கடைக்குப் போங்கள்.

விமானக் கம்பெனிகளையும் நாம் விடப்போவதில்லை. மும்பையிலிருந்து வளைகுடாவுக்குப் போகும் விமானத்தில் நம்மவர் வரிசை வரிசையாக உட்கார்ந்திருக்கிறார்கள். பாஸ்போர்ட் எண்ணை மாற்றக் கட்டணமில்லை என்று டிக்கெட்டின் அடியில் தமிழிலும் இந்தியிலும் மலையாளத்திலும் ஒரு வரி அச்சடித்தால் மை தீர்ந்துவிடுமா? ஒற்றைப் பெயருக்கு எல்லாக் கம்பெனியும் ஒரே முறையை வைத்துக்கொள்ளக் கூடாதா? இவ்விரண்டையும் கேட்டு விமானப் போக்குவரத்து இயக்குநரகத்துக்கு மனு தயாராகிறது. கையெழுத்துத் தாள் சங்க அறையில் இருக்கிறது. கைநாட்டு வைப்பவர்களும் வரலாம்.

அந்தத் தம்பி தம்மாம் போய்ச் சேர்ந்துவிட்டார். கவுண்டரில் இரண்டு பாஸ்போர்ட்டையும் கேட்டார்களாம், கொடுத்தாராம், அனுப்பிவிட்டார்களாம்.

இனி ஒவ்வொரு ஞாயிறும் காலை 10 மணியிலிருந்து பகல் 1 மணி வரை சங்க அறையில் இரண்டு தோழர்கள் இருப்பார்கள். பயணம் இருப்பவர்கள் டிக்கெட், புதிய பாஸ்போர்ட், மூலை வெட்டிய பழைய பாஸ்போர்ட், இகாமா அல்லது விசா நகல் ஆகியவற்றோடு வாருங்கள். பயணம் செய்பவர் வெளியூரில் இருந்தால் வீட்டுப் பெண்கள் வந்தாலும் போதும், பி.என்.ஆரை ஒரு தாளில் எழுதி எடுத்து வாருங்கள். காசு எதுவும் வேண்டாம்.