கூண்டு பறவைகளுக்காகப் போட்டதல்ல

பறவைகள் எச்சமிடக் கூடாது என்பதற்காகத்தான் அம்பேத்கர் சிலையைச் சுற்றிக் கம்பிக்கூண்டு போட்டிருக்கிறார்களாம்.

கிழக்குக் கடற்கரைச் சாலையில், சென்னையிலிருந்து புதுச்சேரிக்குப் போன ஒரு சுற்றுலா வேனில் வழிகாட்டி சொன்ன பதில் இது. கேட்டவர் ஜெர்மனியிலிருந்து வந்திருந்த வயதான அம்மா. நீலக் கோட்டு, கையில் புத்தகம், நீட்டிய விரல், நாலு பக்கமும் இரும்புக் கம்பி. "இவர் யார், ஏன் உள்ளே அடைத்து வைத்திருக்கிறீர்கள்?" என்று கேட்டார். யார் என்பதற்குச் சரியான பதில்தான் வந்தது, இந்திய அரசியல் சட்டத்தை எழுதியவர் என்று. ஏன் என்பதற்குத்தான் பறவை வந்தது. அந்த அம்மா தலையாட்டிவிட்டு ஒரு படம் எடுத்துக்கொண்டார். வேன் நகர்ந்தது.

மாலையில் புதுச்சேரி கடற்கரையில் டூப்ளே சிலை அருகே இறக்கிவிட்டார்கள். பதினெட்டாம் நூற்றாண்டின் பிரெஞ்சு ஆளுநர் திறந்த வெளியில், கூண்டில்லாமல் நிற்கிறார். புதுச்சேரியில் காக்கைகளுக்கு ஒன்றும் குறைச்சல் இல்லை.

தலைக்கு 3,800 ரூபாய் கட்டி நாங்கள் நான்கு பேர் இந்தப் பயணத்துக்கு ஏன் போனோம் என்று தோழர்கள் கேட்பீர்கள். எங்கள் மாலை வகுப்பில் படித்து, கல்லூரியில் வரலாறு முடித்த ஒரு தம்பி அந்த வேனில் வழிகாட்டிக்கு உதவியாளனாக வேலைக்குச் சேர்ந்திருக்கிறான். அவன் ஊர் அந்தச் சாலையிலேயே இருக்கிற ஒரு காலனி. சேர்ந்த முதல் வாரம், எந்த ஊர் என்று விருந்தினர்கள் கேட்டால் 'மாமல்லபுரம் பக்கம்' என்று மட்டும் சொல்லச் சொன்னார்களாம். "எங்க தெரு முனையிலதான் வண்டிய நிறுத்தி இளநி வாங்கித் தராங்க. அதுவரைக்கும் பேசிக்கிட்டே வந்தவரு அங்க மட்டும் ஒண்ணும் பேச மாட்டாரு. நீங்களே ஒருவாட்டி வந்து பாருங்க அக்கா" என்றான். போனோம்.

பன்னிரண்டு பேர் மட்டும் ஏறுகிற 'சிறு குழு'ப் பயணம். பெரிய பஸ்ஸில் கூட்டமாகப் போய் அவசரமாகப் பார்க்காமல், நிதானமாக 'உண்மையான' தமிழ்நாட்டைப் பார்ப்பது என்று விளம்பரம். நிதானம் உண்மைதான். ஏசி, சிற்றுண்டி, ஒவ்வொரு இடத்திலும் ஒரு மணி நேரம். முட்டுக்காட்டில், வெவ்வேறு ஊர்களிலிருந்து பெயர்த்து வந்து நிறுத்திய பழைய வீடுகளைச் சுற்றிக் காட்டும்போது, "இப்படித்தான் தமிழர்கள் வாழ்ந்தார்கள்" என்றார் வழிகாட்டி. தேக்குத் தூண், முற்றம், ஊஞ்சல். எந்தத் தமிழர் என்று எங்களில் ஒருவர் கேட்டபோது நகைச்சுவை என்று நினைத்து எல்லோரும் சிரித்தார்கள். நாங்களும் கொஞ்சம் சிரித்தோம், ஒப்புக்கொள்கிறோம்.

அந்த வழிகாட்டி மீது எங்களுக்குத் தனிப்பட்ட கோபம் இல்லை. அவர் கையில் இருபது பக்கத் தட்டச்சுப் பிரதி இருந்தது. தம்பி எங்களிடம் காட்டினான். கோட்டை, கோயில், கடல், மீன், காபி. 'சாதி' என்ற சொல் ஒரே ஒரு இடத்தில் வருகிறது, அதுவும் 'முன்காலத்தில்' என்ற சொல்லுக்குப் பக்கத்தில். நமக்கு உறைக்க வேண்டியது இதுதான். இந்தச் சாலையில் நாம் தெரியாமல் போகவில்லை. பார்த்து, எழுதி, திருத்தி, நீக்கப்பட்டிருக்கிறோம்.

நீக்கப்பட்டவற்றில் முதலாவது நிலம். வேன் ஓடிய சாலையின் பாதித் தூரம் செங்கல்பட்டு மாவட்டம். 1891-இல் அந்த மாவட்டத்தின் ஆட்சியர் டிரெமென்ஹீர், பறையர் மக்களின் நிலைமை பற்றி அரசுக்கு ஓர் அறிக்கை எழுதினார். அவர் புரட்சிக்காரர் அல்ல, வரி வசூலிக்க வந்த அதிகாரி. ஆனால் மிராசுதாரர்களிடம் குடியிருப்பு மனைகூடச் சொந்தமில்லாமல் கட்டுண்டு கிடந்த மக்களுக்கு நிலம் கொடுக்காமல் எதுவும் மாறாது என்று அவருக்குத் தெரிந்தது. 1892-இல் பிறந்த அரசாணையின்படி சென்னை மாகாணம் முழுவதும் கொடுக்கப்பட்ட பஞ்சமி நிலம் சுமார் 12 லட்சம் ஏக்கர் என்று கணக்குச் சொல்வார்கள். முதல் பத்து ஆண்டுகள் விற்கக் கூடாது, அதன்பிறகும் ஒடுக்கப்பட்ட வகுப்பினருக்கு மட்டுமே விற்கலாம் என்பது நிபந்தனை. மீறி யாருக்கு எழுதிக் கொடுத்தாலும் அந்தப் பத்திரம் செல்லாது. இன்று பெரும்பகுதி நம் கையில் இல்லை என்பது எல்லோருக்கும் தெரியும். 'அசுரன்' வந்த 2019-இல் திரையரங்கில் விசிலடித்த நம் தம்பிகள் பலர் 'பஞ்சமி' என்ற சொல்லை அன்றுதான் முதலில் கேட்டார்கள். அதில் வெட்கப்பட ஒன்றுமில்லை. எந்தப் பாடப்புத்தகம் நமக்குச் சொல்லிக் கொடுத்தது?

மாமல்லபுரத்தில் வேன் இரண்டரை மணி நேரம் நின்றது. ஐந்து ரதம், அர்ச்சுனன் தபசு, கடற்கரைக் கோயில். 1984-இல் யுனெஸ்கோ பட்டியலில் சேர்ந்தது, 2019 அக்டோபரில் சீன அதிபர் வந்து பார்த்தது எல்லாம் சொன்னார்கள். அங்கிருந்து மேற்கே, வேன் திரும்பவே திரும்பாத பக்கத்தில் காரணை இருக்கிறது. காரணையின் பஞ்சமி நிலத்தை மீட்க 1994-இல் நம் மக்கள் அந்த மண்ணில் அம்பேத்கர் சிலையை வைத்தார்கள். சிலை அகற்றப்பட்டது. அதைத் தொடர்ந்த போராட்டத்தில், 1994 அக்டோபர் 10 அன்று போலீஸ் சுட்டதில் ஜான் தாமஸ், ஏழுமலை இருவரும் உயிரிழந்தார்கள். கூண்டு பறவைகளுக்கா என்று கேட்ட அந்த ஜெர்மன் அம்மாவுக்கு உண்மையான பதில் அரை மணி நேரப் பயணத்தில் கிடைத்திருக்கும். ஒரு சிலை வெறும் சிலையாக இருந்திருந்தால் அதை ஏன் தூக்க வேண்டும், ஏன் உடைக்க வேண்டும், ஏன் கூண்டில் அடைக்க வேண்டும்? அது நிற்கிற இடத்தில் 'இது எங்கள் நிலம்' என்று எழுதியிருக்கிறது. எழுதப் படிக்கத் தெரியாத ஆதிக்க சாதிக்காரனுக்கும் அது தெளிவாகப் படிக்கிறது.

வடநெம்மேலியில் முதலைப் பண்ணைக்குள் இருளர் பாம்பு பிடிப்போர் கூட்டுறவுச் சங்கம் 1978 முதல் இயங்குகிறது. நாகம், கட்டுவிரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன் ஆகிய நான்கின் நஞ்சும் அங்கே எடுக்கப்படுகிறது. நாட்டில் பாம்பு கடித்தவருக்குப் போடுகிற ஊசி மருந்துக்கு அதுதான் மூலப்பொருள். இருளர்களான வடிவேல் கோபாலுக்கும் மாசி சடையனுக்கும் 2023-இல் பத்மஸ்ரீ கொடுத்தார்கள். வேனில் நாங்கள் கேட்டதோ, 'பாம்புக்குப் பயமே இல்லாத அபூர்வப் பழங்குடி' என்ற ஒரு வரி. இது அறிவு. பரம்பரையாகக் கைமாறிய, உயிர் காக்கிற அறிவு. பல்லவ ராஜாவின் சிற்பிக்குச் 'சாஸ்திரம் கற்றவர்' என்ற பட்டம், இருளருக்குப் 'பயமில்லாதவர்' என்ற பட்டம். இதே மாவட்டத்தில் செங்கல் சூளையிலும் மரம் வெட்டும் வேலையிலும் கொத்தடிமைகளாகக் கிடந்து மீட்கப்பட்டவர்களில் எத்தனை பேர் இருளர் குடும்பங்கள் என்பது பிரதியில் எப்படி வரும்?

பூஞ்சேரியைக் கடக்கும்போது ஓட்டுநர் மட்டும் கையைக் காட்டி, "இங்கதான் முதலமைச்சர் வந்தாரு" என்றார். 2021-இல் மாமல்லபுரத்துக் கோயில் அன்னதானத்தில் உட்கார விடாமல் எழுப்பி அனுப்பப்பட்ட நரிக்குறவர் பெண் ஒருவர் கேமரா முன்னால் கேட்ட கேள்விகளுக்குப் பிறகுதான் அமைச்சர் வந்து பக்கத்தில் உட்கார்ந்து சாப்பிட்டார். தீபாவளியன்று முதலமைச்சரே பூஞ்சேரிக்கு வந்து பட்டாவும் சாதிச் சான்றும் கொடுத்தார். உலகப் பாரம்பரியச் சின்னத்துக்கு நடந்துபோகிற தூரத்தில், 2021 வரை பட்டாவுக்குக் காத்திருந்த மக்கள். ஓட்டுநருக்குத் தெரிந்தது வழிகாட்டிக்குத் தெரியாமலா இருக்கும்?

'கடலோர மக்கள்' என்று பிரதி முழுக்க வருகிறது. வலை, கட்டுமரம், மீன். ரிசார்ட்டுகளின் சுற்றுச்சுவருக்குக் கடற்கரையை இழந்து நிற்கிற மீனவர்களின் போராட்டம் நம் போராட்டமும்தான், அதில் சந்தேகமில்லை. ஆனால் கடலோரம் என்றால் மீனவர் மட்டும் என்கிற பொதுப்புத்தி எங்கே கொண்டுபோய் விடும் என்று 2004 சுனாமியில் பார்த்தோம். உப்பளத்திலும் கழிமுகத்திலும் கூலிக்கு நின்ற தலித்துகளும் இருளர்களும் பல இடங்களில் நிவாரணப் பட்டியலுக்கு வெளியே நின்றார்கள். நாகப்பட்டினம் பக்கம் முகாம்களில்கூட ஊரும் சேரியும் பிரிந்ததை அன்றே மனித உரிமை அமைப்புகள் பதிவு செய்தன. விளம்பரத்தில் 'கடலோர மக்கள்' என்று எழுதுகிற கையும் பட்டியலில் பெயர் எழுதுகிற கையும் வேறு வேறு கைகள்தான். இரண்டுக்கும் சொல்லிக் கொடுத்த வாத்தியார் ஒருவர்.

ஆலம்பரைக் கோட்டை நன்றாக இருந்தது. காற்று, இடிந்த செங்கல், கழிமுகம். குறை சொல்ல ஒன்றுமில்லை.

மரக்காணத்தில் உப்பளத்தைப் படமெடுக்க பத்து நிமிடம் நிறுத்தினார்கள். வெள்ளை வெள்ளையாகக் குவியல், பின்னால் வானம், தூரத்தில் பாத்தியில் குனிந்திருந்த இரண்டு பெண்கள். "குனிந்திருக்கும்போதே எடுங்கள், அப்போதுதான் அழகு" என்றார் ஒருவர். 2013 ஏப்ரல் 25 அன்று, மாமல்லபுரத்தில் நடந்த சித்திரை முழுநிலவு விழாவுக்கு வண்டிகள் போன இதே சாலையில்தான் மரக்காணத்தில் வன்முறை வெடித்தது. நம் மக்களின் வீடுகள் எரிந்தன. வேனில் அது யாருக்கும் தெரியாது, நாங்கள் நால்வரையும் தம்பியையும் தவிர. அவன் தண்ணீர் பாட்டில் கொடுத்துக்கொண்டிருந்தான்.

புதுச்சேரியில் 'வெள்ளையர் பகுதி'யின் மஞ்சள் சுவர்கள், காகிதப்பூ, தேவாலயம். அந்த ஊர் கால்வாய்க்கு இந்தப் பக்கம் வெள்ளை, அந்தப் பக்கம் கறுப்பு என்று பிரிந்திருந்ததை நன்றாகவே விளக்கினார். பிரெஞ்சுக்காரன் பிரித்தது என்றால் சொல்ல வாய் வருகிறது. அதே ஊரில் ஒரு தேவாலயத்துக்குள் பறையர் கிறிஸ்தவர்களைச் சாதிக் கிறிஸ்தவர்களிடமிருந்து பிரிக்க ஒரு சுவர் இருந்தது. 1745-இல் சேரி மக்கள் திரண்டு போய்ப் பாதிரியாரிடம் நியாயம் கேட்டதையும், சுவர் இடிபட்டதையும், சாதிக் கிறிஸ்தவர்கள் கொதித்ததையும் ஆனந்தரங்கப் பிள்ளை தம் நாட்குறிப்பில் எழுதி வைத்திருக்கிறார். அவர் நம் ஆள் அல்ல, அதனால்தான் அந்தச் சாட்சி இன்னும் கனமானது. 280 வருடத்துக்கு முன்னால் சுவரை இடிக்க வைத்த நம் முன்னோர்களைப் பற்றி எந்த வேனிலாவது ஒரு வரி உண்டா?

திரும்பி வந்து இதையெல்லாம் வகுப்பில் சொன்னபோது, மாணவர்கள் உடனே கொதித்தார்கள். "நாமே ஒரு டூர் நடத்துவோம். காரணை, பூஞ்சேரி, மரக்காணம். மாற்று வரலாற்றுப் பயணம்." பெயர்கூட வைத்துவிட்டார்கள். ஒரு வாரம் எங்களுக்கும் அது நல்ல யோசனையாகத்தான் தோன்றியது. பிறகு எங்களில் இருவர் மரக்காணம் போய்ப் பேசிப் பார்த்தார்கள். ஒரு பாட்டி சொன்னது: "எரிஞ்ச ஊட்ட எத்தினி தடவதான் காட்டறது? பத்திரிகைக்காரன் வந்தான், கட்சிக்காரன் வந்தான், வெள்ளக்காரனும் வந்தான். எம் பேத்தி நர்சு படிக்கறா, அத யாரும் கேக்கல."

அதோடு அந்த யோசனையை விட்டோம். இதில் மாணவர்கள் பலருக்கு எங்கள் மேல் இன்னும் வருத்தம். ஆனாலும் சொல்கிறோம்: குனிந்திருக்கும் பெண்ணைப் படமெடுப்பவருக்குப் பதில், எரிந்த கூரையைப் படமெடுப்பவரை நாம் கூட்டிப் போனால், ஜன்னலுக்கு அந்தப் பக்கம் இருப்பவர்கள் அங்கேயேதான் இருப்பார்கள். காரணைக்குப் போக வேண்டும் என்றால் அக்டோபர் 10 அன்று வீரவணக்கக் கூட்டத்துக்குப் போங்கள். கொடி பிடிக்க, கோஷம் போட, சாப்பாடு பரிமாற ஆள் வேண்டும். பார்வையாளர் வேண்டாம்.

அவர்களுடைய பிரதியில் நமக்கு ஒரு பக்கம் ஒதுக்கச் சொல்லி மனு கொடுப்பதிலும் எங்களுக்கு ஆர்வம் இல்லை. இந்தச் சாலையோரத்து மண் இன்று சதுர அடிக் கணக்கில் விலை போகிறது. அந்த வேன் நின்ற ஒவ்வொரு இடத்தைச் சுற்றியும் இருக்கிற கிராமங்களின் பட்டியல் எங்களிடம் இருக்கிறது. ஒவ்வொன்றின் அ-பதிவேட்டையும் எடுக்கப் போகிறோம். ஆனால் இன்றைய பதிவேட்டை மட்டும் பார்த்தால் ஏமாந்து போவீர்கள். 1979 முதல் 1987 வரை நடந்த யு.டி.ஆர். மறுபதிவில்தான் பல கிராமங்களில் 'டி.சி. நிலம்' என்ற குறிப்பு சத்தமில்லாமல் காணாமல் போனது. அதனால் யு.டி.ஆருக்கு முந்தைய பதிவேட்டைத் தகவல் உரிமைச் சட்டத்தில் கேட்டு வாங்க வேண்டும், சர்வே எண் வாரியாகப் பக்கத்தில் பக்கத்தில் வைத்து ஒப்பிட வேண்டும், பிறகு வில்லங்கச் சான்று போட்டுக் கை மாறிய வரிசையைப் பார்க்க வேண்டும். பதிவேடு இல்லை, கரையான் அரித்துவிட்டது என்று பதில் வரும். மேல்முறையீடு செய்ய வேண்டும். அலுப்பான வேலை. இன்ஸ்டாகிராமில் போட இதில் படம் எதுவும் கிடைக்காது.

தம்பி வேலையை விட்டுவிடட்டுமா என்று கேட்டான். விட வேண்டாம் என்றோம். மாதச் சம்பளம் அவன் வீட்டுக்குத் தேவை. வழிகாட்டி உரிமத்துக்கான பயிற்சியில் சேர அவனுக்கு இன்னும் ஒரு வருட அனுபவம் கைகொடுக்கும். தன் தெரு முனையில் இளநீர் வாங்கித் தரும்போது, இது என் ஊர் என்று அவனே மைக்கில் சொல்கிற நாள் வரட்டும். போன வாரம் வேறொரு பயணி கூண்டைப் பற்றிக் கேட்டாராம். வழிகாட்டி வாய் திறப்பதற்குள், "சிலைய உடைப்பாங்க சார், அதான்" என்று இவன் சொல்லிவிட்டான். யார் உடைப்பார்கள் என்று அந்தப் பயணி கேட்டாராம். வேனில் கொஞ்ச நேரம் யாரும் பேசவில்லையாம். வேலை இன்னும் இருக்கிறது.

பதிவேடு ஒப்பிடும் வேலையைச் செவ்வாய்க்கிழமை மாலைகளில் வைத்திருக்கிறோம். சனி, ஞாயிறு தம்பிக்கு வண்டி இருக்கும். கட்டணம் இல்லை. அளவுகோல், பென்சில், ராத்திரிச் சாப்பாடு எடுத்து வாருங்கள்.