ஏடு அங்கே, சான்று இங்கேயா?

"நீ இங்கே வேலை பார்த்தாய் என்பதற்கு அத்தாட்சி எங்கே?"

பன்னிரண்டு ஆண்டுகள் ஒரே ஆலை வாயிலில் நுழைந்து, ஒரே இயந்திரத்தின் முன் நின்று, தலை நரைத்த தொழிலாளி பணிநிரந்தரம் கேட்கும்போது எழுப்பப்படும் கேள்வி இது! கையிலே காய்ப்பு உண்டு, காகிதம் இல்லை. காகிதம் இல்லாதவர் உழைக்காதவராம்!

சட்டம் இல்லையா? உண்டு. 1947ஆம் ஆண்டுத் தொழில் தகராறுச் சட்டம், 12 மாதங்களில் 240 நாட்கள் வேலை செய்தவரை ஓராண்டு தொடர்ந்து பணியாற்றியவராகவே கொண்டது. அந்தக் கணக்கில் ஞாயிற்றுக்கிழமைகளும் ஊதியத்தோடு கூடிய விடுமுறைகளும் சேரும் என்று 1985இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. 1981இல் தமிழகச் சட்டமன்றம் இன்னும் ஒருபடி மேலே சென்று, தொழில் நிறுவனங்களில் 24 மாதங்களில் 480 நாட்கள் தொடர்ந்து பணிபுரிந்தோரை நிரந்தரமாக்க வேண்டும் என்று சட்டம் செய்தது. கணக்கு தெளிவானதுதான். ஆனால், அந்தக் கணக்கை எழுதும் கை யாருடையது?

அங்கேதான் இருக்கிறது சூட்சுமம்! வருகைப் பதிவேடு முதலாளியின் மேசையில். சம்பளப் பட்டியல் அவருடைய பெட்டியில். மஸ்டர் ரோலில் பெயரை ஏற்றுவதும் அவரே; கெடு நெருங்கும் வேளையில் பெயரை அடித்துவிட்டு, சில நாள் கழித்து அதே ஆளை ஓர் ஒப்பந்தக்காரரின் கணக்கில் எழுதிக்கொள்வதும் அவரே. ஆலையிலே வேலை நிற்பதில்லை. ஏட்டிலே மட்டும் ஆள் நின்றுவிடுகிறார்!

வேலைநீக்க வழக்கொன்றில் 2002இல் உச்ச நீதிமன்றம், 240 நாட்கள் உழைத்தேன் என்பவரே அதை மெய்ப்பிக்க வேண்டும், அவருடைய பிரமாணப் பத்திரம் மட்டும் போதாது என்றது. 2005இல் வந்த மற்றொரு தீர்ப்பு, தினக்கூலிக்கு நியமன உத்தரவோ ரசீதோ கிடைப்பதில்லை என்ற உண்மையை ஒப்புக்கொண்டது. நிர்வாகத்திடமுள்ள ஏடுகளைக் கொண்டுவரும்படி தொழிலாளி கேட்கலாம் என்றது. ஆயினும், ஏட்டை மறைத்தார்கள் என்ற வாதத்தைத் தொழிலாளி எடுத்துவைக்காதபோது, ஏடு வராத ஒன்றையே கொண்டு நிர்வாகத்திற்கு எதிராக முடிவு கட்டலாகாது என்றும் கூறிற்று.

"வழக்குத் தொடுப்பவரே மெய்ப்பிப்பது பழைய நெறிதானே?" எனச் சிலர் கேட்பர். நெறிதான், மறுக்கவில்லை. கடன் கொடுத்தவர் பத்திரத்தைக் காட்டட்டும். அது அவர் பெட்டியில் இருக்கிறது. இங்கோ, பத்திரம் எதிராளியின் பெட்டியில், சாவியும் அவரிடம். பூட்டிய பெட்டியைக் காட்டி, "உள்ளே இருப்பதை எடுத்து வா" என்பது நெறியாகுமா?

ஆகவே நாம் கேட்பது சலுகையன்று, நேர்மையான முறை. நாள் கணக்கு எழுதிய சீட்டு மாதந்தோறும் தொழிலாளியின் கைக்கு வரவேண்டும். அவர் முதற்சான்று ஒன்றைக் காட்டிய பின்னும் நிர்வாகம் ஏட்டைக் கொணராவிடில், அவர் சொல்லும் கணக்கே கணக்காக வேண்டும். சட்டத்தில் இதைத் தெளிவாக எழுதிவிட்டால் வாதத்திற்கே இடமிராது.

அதுவரை கைகட்டி நிற்கலாமா? தோழர்களே, உங்கள் ஊர் ஆலை வாயிலில் நாளையே தொடங்குங்கள். ஒவ்வொரு தற்காலிகத் தொழிலாளியும் தேதியிட்ட குறிப்பேடு ஒன்று வைத்திருக்கட்டும். வாயில் அனுமதிச் சீட்டு, ஈ.எஸ்.ஐ. அட்டை, வைப்புநிதி எண், கூலி வரவு வைத்த வங்கிப் புத்தகம் ஆகியவை குப்பைக்குப் போகாமல் பெட்டிக்குப் போகட்டும். உடன் உழைத்தவர் சாட்சி சொல்ல அஞ்சாதிருக்கச் சங்கம் துணை நிற்கட்டும். வழக்கு என்று வந்தால், எந்தெந்த ஏடு வேண்டும் என்பதைப் பெயர் சொல்லிக் கேளுங்கள். தராவிடில், மறைக்கிறார்கள் என்பதை மனுவிலேயே எழுதுங்கள். அந்த ஒரு வரி இல்லாமற்போனால், பன்னிரண்டு ஆண்டு உழைப்பும் பறிபோகக்கூடும்.

முதலாளியின் ஏடு தொழிலாளியை மறக்கலாம். தொழிலாளியின் ஏடு மறக்கலாகாது. அதை இன்றே எழுதத் தொடங்குவோம்!