ஏரிக்கு எதுக்கு கிரானைட் பெஞ்ச்?

"ஏரியை மேம்படுத்திப் பூங்கா ஆக்கலாமே" என்று யாராவது சொன்னால் எனக்குப் பற்றிக்கொண்டு வருகிறது. மேம்பாடு என்றால் என்ன? நடைபாதை, கிரானைட் பெஞ்ச், எல்.இ.டி. விளக்கு, படகு, செல்ஃபி எடுக்க ஒரு 'ஐ லவ்' பலகை. சரி, இதில் ஏரி எங்கே சார்?

நான் வீராம்பட்டினத்துக்காரன். எங்கள் பக்கம் கடலில் கலக்கிற சங்கராபரணிதான் சுத்துக்கேணி வாய்க்கால் வழியாக ஊசுட்டேரிக்கும் தண்ணீர் கொடுக்கிறது. சுமார் 800 ஹெக்டேர் ஏரி. ஏறக்குறைய பாதி நமக்கு, பாதி தமிழ்நாட்டுக்கு. 2008இல் புதுச்சேரி தன் பங்கைப் பறவைகள் சரணாலயமாக அறிவித்தது, பிற்பாடு தமிழ்நாடும்.

ஏரிக்கு நிலையான விளிம்பு கிடையாது. ஐப்பசி, கார்த்திகையில் நிரம்பும். மதகு திறக்கத் திறக்க இறங்கும். தண்ணீர் பின்வாங்கும்போது வெளிப்படுகிற அந்தச் சேறுதான் உள்ளானுக்கும் நாரைக்கும் சோறு. பூங்கா கேட்பது நேர் எதிர்: வருஷம் முழுக்க இறங்காத தண்ணீர், கல் பதித்த கரை, ராத்திரியில் வெளிச்சம். படகு ஓடணும்னா மதகைத் திறக்க மனசு வருமா? சேறு 'அசிங்கம்', கருவேலம் 'புதர்' என்று ஆகிவிடும். ஓடிக்கொண்டிருக்கிற சர்வரைப் பிடுங்கிவிட்டு முகப்புப் பக்கத்துக்குக் கலர் மாற்றுகிற வேலை இது.

"ஏழைகள் காசில்லாமல் உட்கார ஓர் இடம் வேண்டாமா?" வேண்டும், நிச்சயமாக. அதற்கு ஊருக்குள் நிலம் கொடுங்கள். ஏரிக்கரையில் நடக்க மண்பாதை போதும்; யாரையும் தடுக்கச் சொல்லவில்லை. ஆனால் நகரத்தில் ஒரு மனைக்கட்டை விட்டுக்கொடுக்க மனமில்லாதவர்கள்தான் ஏரியைக் காலி இடமாகப் பார்க்கிறார்கள்.

பாரதி பூங்காவில் ஆயி மண்டபத்துக்கு முன்னால் போட்டோ எடுத்திருப்பீர்கள். ஆயி யார்? கிருஷ்ணதேவராயர் காலத்துக் கணிகை. தன் மாளிகையைத் தானே இடித்து, அந்த இடத்தில் குளம் வெட்டியவள் என்பது கதை. பிற்பாடு முத்திரையர்பாளையத்திலிருந்து நகரத்துக்குத் தண்ணீர் வந்தபோது, பிரெஞ்சுக்காரர்கள் அவள் நினைவாகக் கட்டியது அந்த மண்டபம்.

அவள் வீட்டை இடித்துக் குளம் வெட்டினாள். நாம் ஏரியைக் கெடுத்துப் பெஞ்ச் போடக் கிளம்பியிருக்கிறோம். அப்புறம் அந்த மண்டபத்தைப் பார்த்துப் பெருமைப்பட நமக்கு என்ன யோக்கியதை இருக்கிறது?