மலைக் குழந்தையின் முதற் பாடம்

தேவாரம் என்றதும் நேயர்களின் நினைவு ஓதுவாரையும் பண்ணையும் நாடிச் செல்வது இயற்கையே. ஆனால் இவ்வாரம் நாம் எழுத எடுத்துக்கொண்ட தேவாரம் ஓர் ஊர். தேனி ஜில்லாவில், போடிநாயக்கனூருக்குத் தெற்கே, மேற்கு மலைத்தொடரின் அடிவாரத்தில் இருக்கிறது. ஊருக்கு மேற்கே சுவர்போல் எழும்பி நிற்கும் மலையின் உச்சிக்கு அப்பால் ஏலத் தோட்டங்கள். அடிவாரத்து ஜனங்கள் பொழுது விடியுமுன் ஜீப் ஏறிப் போடிமெட்டு வழியாகவும் கம்பம்மெட்டு வழியாகவும் தோட்ட வேலைக்குச் சென்று, மாலையில் மலையிறங்கி வீடு திரும்புகிறார்கள். விளைந்த ஏலக்காய் போடியிலும் புற்றடியிலும் விலை கூறப்பட்டுத் தேசமெங்கும் போகிறது. அதன் மணம் அறியாத தமிழ்க் குடும்பம் இல்லை. ஆனால் அந்த மலைகளின் பழங்குடிகள் பேசும் பாஷைகளின் பெயரேனும் நம்மில் எத்தனை பேருக்குத் தெரியும்?

முதுவர், மன்னான் குலத்தார், பளியர் என்னும் மூன்று பழங்குடிகள் இம்மலைகளிலும் இவற்றை அடுத்த மலைகளிலும் வாழ்கிறார்கள். மதுரையை விட்டு வெளியேறிய காலத்தில் தங்கள் தெய்வத்தையும் குழந்தைகளையும் முதுகில் சுமந்து மலையேறி வந்தமையால் முதுவர் எனப் பெயர் பெற்றோம் என்பது முதுவர்களின் ஐதிகம். கட்டப்பனைக்கு அருகே கோழிமலையில் மன்னான் குலத்தாருக்கு இன்றும் ஓர் அரசர் உண்டு. பளியரோ வருஷநாட்டு மலை முதல் பழநி மலை வரையில் காடே வீடாக வாழ்ந்து வந்தவர்கள். இம்மூவரின் பேச்சும் தமிழுக்கு மிக நெருங்கியது. ஆயினும் உலக மொழிகளுக்குக் குறியீடு வகுக்கும் அட்டவணையில் முதுவான், மன்னான், பளியன் என்று மூன்றுக்கும் தனித்தனி இடம் தந்திருக்கிறார்கள்.

1956-ம் வருஷம் நவம்பர் முதல் தேதி ராஜ்யங்களைப் பாஷைவாரியாகப் பிரித்தபோது, தேவிகுளம், பீர்மேடு தாலுகாக்கள் கேரளத்தைச் சேர்ந்தன. அந்தக் கோட்டைக் குறித்து அக்காலத்தில் தமிழரும் மலையாளிகளும் எவ்வளவோ வாதாடினார்கள். முதுவரை யார் கேட்டார்கள்? குரங்கணிக்கு அருகே முதுவாக்குடியில் வசிப்பவர் ஒரு ராஜ்யத்துக் குடிகளாகவும், மூணாறு பக்கத்தில் வசிக்கும் அவர்களுடைய இனத்தார் மற்றொரு ராஜ்யத்துக் குடிகளாகவும் இருக்கிறார்கள். 2010-ல் கேரள சர்க்கார் இடமலைக்குடியைப் பழங்குடிகளுக்கென்றே தனிப் பஞ்சாயத்தாக அமைத்தது. அங்கே வாழ்பவர்கள் முதுவர்களே. ஒரே பேச்சுடைய குழந்தைகளில் ஒரு சாரார் தமிழ் அரிச்சுவடியையும், மற்றொரு சாரார் மலையாள அரிச்சுவடியையும் கையில் பிடிக்கிறார்கள். இரண்டும் அவர்களுடைய தாயின் பேச்சல்ல.

மலையாளம் படிக்க நேர்ந்த முதுவக் குழந்தையின் கஷ்டத்தைத் தமிழர்கள் எளிதில் உணர்ந்து பரிதாபப்படுவார்கள். தமிழ் படிக்கும் குழந்தைக்குக் கஷ்டம் இருக்கிறது என்றால், "அது எப்படி? அதுவும் தமிழ்தானே?" என்று கேட்பார்கள். இந்தக் கேள்வியில்தான் அபாயம் இருக்கிறது என்பது நமது அபிப்பிராயம்.

சற்று யோசித்துப் பாருங்கள். பட்டணத்தில் பிறந்த நம் வீட்டுக் குழந்தையே வாயில் ஒரு தமிழும் புஸ்தகத்தில் ஒரு தமிழுமாக இரண்டு தமிழ் கற்க வேண்டியிருக்கிறது. வீட்டில் "வந்துட்டேன்" என்று சொன்ன குழந்தை, "வந்துவிட்டேன்" என்று எழுதப் பழகுகிறது. மலைக் குழந்தைக்கோ படிகள் இரண்டு. தன் பேச்சிலிருந்து கீழ்நாட்டுப் பேச்சுக்கு வரவேண்டும். அங்கிருந்து புஸ்தகத் தமிழுக்கு ஏற வேண்டும். இதை அறியாத உபாத்தியாயர், குழந்தை தன் தாயிடம் கற்ற சொல்லைச் சொன்னவுடன், பிழையான தமிழ் என்று திருத்துகிறார். பக்கத்தில் உட்கார்ந்திருக்கும் அடிவாரத்துப் பிள்ளைகள் சிரிக்கிறார்கள். ஹிந்தியோ வங்காளியோ பேசும் குழந்தையாக இருந்தால், "பாவம், அதற்கு வேறு பாஷை" என்று இரக்கமாவது பிறக்கும். நெருங்கிய பாஷைக்கு அந்த இரக்கமும் கிட்டுவதில்லை. அதற்குக் கொச்சை என்ற பெயரே மிஞ்சுகிறது. கொச்சை என்று பெயர் பெற்றதைக் குழந்தை மறக்க முயலும். அல்லது வாய் திறவாமல் இருக்கும். அல்லது பள்ளிக்கூடத்துக்கே வராமல் நின்றுவிடும்.

சர்க்கார் கணக்கும் இதற்கு விலக்கல்ல. 2011-ம் வருஷத்து ஜனத்தொகைக் கணக்கில் இருளர் மொழி தமிழின் கீழேயே வைக்கப்பட்டிருக்கிறது. தேசம் முழுவதிலும் பதினாயிரம் பேருக்குக் குறைவானோர் பேசும் தாய்மொழிக்குப் பட்டியலில் பெயரே இல்லை. எல்லாம் 'பிற' என்ற ஒரே மூட்டையில் கட்டப்படுகின்றன.

தாய்மொழியில் கல்வி என்பது நம் தேசிய இயக்கத்தின் மூலாதாரமான கோரிக்கைகளில் ஒன்று. அந்நிய பாஷையில் கற்பதால் பிள்ளைகளின் அறிவு மங்குகிறது என்று காந்தியடிகள் ஓயாமல் சொல்லி வந்தார். 1937-ல் வார்தாவில் கூடிய கல்வி மகாநாடு, ஏழு வருஷம் இலவசக் கட்டாயக் கல்வி, அதுவும் தாய்மொழி மூலம் என்று தீர்மானித்தது. சுதந்திரம் வந்த பின் 1956-ல் அரசியல் சட்டத்தில் 350-ஏ என்ற விதியைச் சேர்த்து, சிறுபான்மை மொழிக் குழந்தைகளுக்கு ஆரம்ப வகுப்புகளில் தாய்மொழிக் கல்வி அளிக்க ராஜ்யங்கள் முயல வேண்டும் என்றார்கள். 2009-ம் வருஷத்துக் கல்வி உரிமைச் சட்டமும் கூடியவரையில் தாய்மொழியே போதனா மொழி என்கிறது. ஆங்கிலேயரிடம் நாம் கேட்ட நியாயத்தை மலைமேல் இருப்பவருக்கு நாம் அளக்கும்போது படி மாறலாமா?

பிற தேசங்களின் அநுபவமும் நமக்குப் பாடமாகும். அமெரிக்காவில் செவ்விந்தியக் குழந்தைகளை வீட்டிலிருந்து பிரித்து, அவர்களுடைய பாஷையை மறக்கடிப்பதற்காகவே கார்லைல் என்னுமிடத்தில் 1879 முதல் 1918 வரை ஒரு விடுதிப் பள்ளி நடந்தது. அதே மாதிரி பல பள்ளிகள் தோன்றின. நவாஹோ பாஷை பேசியதற்காகப் பள்ளியில் தண்டிக்கப்பட்ட பிள்ளைகள் சிலர், வளர்ந்து ராணுவத்தில் சேர்ந்தார்கள். 1942 முதல் பசிபிக் யுத்தத்தில் எதிரியால் கண்டுபிடிக்க முடியாத ரகசியச் செய்திகளை அனுப்ப அந்த நவாஹோ பாஷையே உதவியது! பிறகு 1966-ல் ரஃப் ராக் என்ற ஊரில், நவாஹோக்களே நிர்வகித்து இரு பாஷைகளிலும் கற்பிக்கும் பள்ளி ஏற்பட்டது. நியூசிலாந்தில் மவோரி மக்கள் 1982-ல் தங்கள் பாஷைக்கென்று குழந்தைப் பள்ளிகளைத் தொடங்கினார்கள். அவற்றில் பாட்டிமார்களே பாஷைக்கு ஆசிரியைகளானார்கள்.

அவ்வளவு தூரம் போவானேன்? ஒடிஸாவில் 2007-ம் வருஷம் முதல் பத்துப் பழங்குடி மொழிகளில் பாடம் தொடங்கி, படிப்படியாக ஒடியாவுக்கும் ஆங்கிலத்துக்கும் குழந்தைகளை அழைத்துச் செல்கிறார்கள். நம் அண்டையில் கேரளத்து வயநாட்டில் 2017 முதல், பழங்குடியைச் சேர்ந்த படித்த இளைஞர்களையே ஆரம்பப் பள்ளிகளில் துணை ஆசிரியர்களாக அமர்த்தியிருக்கிறார்கள். குழந்தை சொல்வது வாத்தியாருக்கும், வாத்தியார் சொல்வது குழந்தைக்கும் அவர்கள் மூலம் விளங்குகிறது.

சிலர் ஆட்சேபம் சொல்லக் கூடும். "இவர்களுக்குத் தனி பாஷையில் கற்பித்தால் உத்தியோகம் எப்படிக் கிடைக்கும்? உலகத்தோடு எப்படிக் கலப்பார்கள்?" என்பார்கள். நியாயமான கவலைதான். போடிச் சந்தையில் ஏமாறாமல் இருக்கவும், தாலுகா கச்சேரியில் மனு எழுதவும் மலைவாசிகளுக்குத் தமிழ் வேண்டும். மேற்படிப்புக்கு ஆங்கிலமும் வேண்டும். அவற்றைக் கொடுக்க வேண்டாமென்று நாம் சொல்லவில்லை. தெரிந்ததைக் கொண்டே தெரியாததைக் கற்பிக்க வேண்டும் என்பதுதான் நம் கட்சி. தாயின் சொல் என்னும் படியை வெட்டி எறிந்துவிட்டு, "ஏறு, ஏறு" என்று அதட்டுவதால் குழந்தை ஏறிவிடுமா?

இதற்குப் பெரிய பணச் செலவும் வேண்டியதில்லை. மலைக் குழந்தைகள் படிக்கும் ஒவ்வொரு பள்ளியிலும் முதலிரண்டு வகுப்புகளுக்கு அவர்கள் குலத்தைச் சேர்ந்த ஒருவர் துணையாசிரியராக இருக்கட்டும். மலைச் சொல்லையும் புஸ்தகச் சொல்லையும் பக்கத்தில் பக்கத்தில் அச்சிட்ட சிறு வாசகம் ஒன்று இருக்கட்டும். அதில் ராகியும் தேனும் ஏலமும் காட்டுமரங்களும் இடம் பெறட்டும். மலைக்குப் புதிதாக மாற்றலாகி வரும் உபாத்தியாயர் முதல் மாதத்தில் அங்குள்ள பெரியவர்களிடம் நூறு சொல்லாவது கற்றுக்கொள்ளட்டும். எல்லைக்கு இருபுறமுள்ள இரண்டு சர்க்கார்களும் சேர்ந்து இந்த வாசகத்தைத் தயாரித்தால், எல்லையால் பிரிந்த ஒரு குலத்தின் குழந்தைகள் ஒரே பாட்டைப் பாடிப் படிக்கலாம்.

தமிழுக்காக நாம் எவ்வளவோ பேசியிருக்கிறோம், பேசுவது தகும். தாய்மொழியை இகழக் கேட்டால் உள்ளம் எப்படி நோகும் என்பதை நம்மைக் காட்டிலும் நன்கறிந்தவர் யார்? ஆகையால் மலையடிவாரத்துப் பள்ளியில் ஒரு முதுவக் குழந்தையோ பளியக் குழந்தையோ தன் தாய் சொல்லிக்கொடுத்த சொல்லைச் சொல்லும்போது, "தப்பு" என்று சொல்லாமல், "எங்கள் ஊரில் இதற்கு இன்னொரு பெயர் உண்டு, அம்மா!" என்று சொல்லும் ஓர் உபாத்தியாயரை அங்கே அனுப்ப நாம் கடமைப்பட்டிருக்கிறோம்.