பாதியில் நின்ற சர்ச்

என் அக்கா பையனுக்கு இத்தாலியில், மிலான் நகரத்தில் கம்ப்யூட்டர் உத்தியோகம். போன செப்டம்பரில் அவனைப் பார்க்கப் போயிருந்தேன். ஏர்போர்ட்டுக்கு வந்தவன் முகமே சரியில்லை. அக்கா கொடுத்தனுப்பிய நார்த்தங்காய் ஊறுகாயைக் கூடத் திறந்து பார்க்காமல் ஓரமாக வைத்துவிட்டான். ராத்திரி ரசம் சாதத்தின்போதுதான் விஷயம் வெளியே வந்தது.

இரண்டு வருஷம் ராப்பகலாக அவன் டீம் உழைத்த ப்ராஜெக்டை, மேலிடம் ஒரே ஈ-மெயிலில் இழுத்து மூடிவிட்டதாம். மொத்தம் மூன்று வரி. மூன்றாவது வரி 'நன்றி'!

"என் ரெண்டு வருஷம் வேஸ்ட், மாமா..."

இந்த மாதிரி சமயத்தில் அட்வைஸ் பண்ணுவது மாமாக்களின் பிறப்புரிமை. ஆனால், எனக்குச் சட்டென்று எதுவும் தோன்றவில்லை. "வாடா, எங்கேயாவது ஊர் சுத்திட்டு வரலாம்" என்று கிளப்பினேன். ரயிலில் ஃப்ளாரன்ஸ். அங்கிருந்து பஸ்ஸில் ஒன்றேகால் மணி நேரம் போனால் சியனா.

குன்றின் மேல் செங்கல் நிறத்தில் ஒரு ஊர். அதன் உச்சியில் கதீட்ரல். 13-ம் நூற்றாண்டு சமாச்சாரம். வெள்ளைச் சலவைக்கல் ஒரு வரி, கரும்பச்சை ஒரு வரி என்று மாற்றி மாற்றி அடுக்கியிருக்கிறார்கள். தூரத்தில் பார்த்தால் வரிக்குதிரைக்கு மணிக்கூண்டு வைத்த மாதிரி இருக்கிறது. கறுப்பும் வெள்ளையும் ஊரின் சின்னத்தில் இருக்கும் நிறங்கள். மணிக்கூண்டிலும் ஒரு குறும்பு. கீழ் அடுக்கில் ஒரு திறப்பு, அடுத்ததில் இரண்டு என்று ஏறிக்கொண்டே போய் உச்சியில் ஆறு!

உள்ளே நுழைந்து அண்ணாந்து பார்த்தேன். சுவர் விளிம்பில் வரிசையாக போப்பாண்டவர்களின் தலைகள். 170-க்கும் மேலே! நிமிர்ந்தால் இத்தனை பேரும் மேலேயிருந்து நம்மையே பார்க்கிறார்கள். இத்தனை மேலதிகாரிகள் ஒரே நேரத்தில் எட்டிப் பார்க்கும் ஆபீஸைக் கற்பனை செய்து கொள்ளுங்கள்... யாராவது சீட்டில் தூங்குவார்களா?

தரையோ, மிதிக்கவே மனசு வராது. சலவைக்கல்லைச் செதுக்கியும் பதித்தும் 56 சித்திரங்கள். 14-ம் நூற்றாண்டில் ஆரம்பித்து 16-ம் நூற்றாண்டு வரை தலைமுறை தலைமுறையாகப் பண்ணியிருக்கிறார்கள். பெரும் பகுதியை மூடியே வைத்திருந்து, வருஷத்தில் சில மாதங்கள்தான் முழுசாகத் திறந்து காட்டுகிறார்கள். அதில் பின்டுரிக்கியோ 1505-ல் வரைந்து கொடுத்த ஒரு படம். அதிர்ஷ்ட தேவதை ஒரு காலை உருண்டை மேலும், இன்னொரு காலைப் பாய்மரம் ஒடிந்த படகிலும் வைத்துக்கொண்டு நிற்கிறாள்.

"எங்க கம்பெனி மாதிரியே இருக்கு" என்றான் பையன். அன்றைக்கு அவன் பேசிய முதல் முழு வாக்கியம்.

இடதுபுறம் ஒரு பலிபீடம். அங்கே மைக்கேலாஞ்சலோவின் சிலைகள். 1501-ல் 15 சிலைகள் செய்து தருவதாக ஒப்பந்தம் போட்டார் மனிதர். செய்து கொடுத்தது 4! "மிச்சம் பதினொண்ணு?" என்றான் பையன். அதே வருஷம் ஃப்ளாரன்ஸில் 'டேவிட்' சிலை ஆர்டர் வந்துவிட்டது, இது அப்படியே நின்றுவிட்டது என்றேன். லேசாகச் சிரித்த மாதிரி இருந்தது.

பிரசங்க மேடை ஒன்று இருக்கிறது. எட்டுப் பட்டைகள், தூண்களைச் சிங்கங்கள் சுமக்கின்றன. 1265-லிருந்து 1268-க்குள் நிக்கோலா பிசானோ செதுக்கியது. உதவிக்கு மகன் ஜியோவானி, அப்புறம் அர்னோல்ஃபோ என்கிற இளைஞர். இந்த அர்னோல்ஃபோவைக் கவனித்து வையுங்கள். சியனாவில் உளி பிடித்த இவர்தான், பிற்பாடு 1296-ல் எதிரி ஊரான ஃப்ளாரன்ஸில் இதைவிடப் பெரிய கதீட்ரலுக்குத் திட்டம் போட்டவர். நம்மிடம் வேலை கற்றுக்கொண்டு போட்டிக் கம்பெனிக்குத் தாவுவது அன்றைக்கே இருந்திருக்கிறது!

சியனாவால் இதைப் பொறுக்க முடியுமா? 1260-ல் மான்டபெர்ட்டி யுத்தத்தில் ஃப்ளாரன்ஸை ஓட ஓட விரட்டிய ஊராயிற்றே! 1339-ல் ஊர்ச்சபை கூடி முடிவெடுத்தது. இருக்கிற கதீட்ரலை அப்படியே பக்கவாட்டுக் கையாக வைத்துக்கொண்டு, அதற்குக் குறுக்கே பிரம்மாண்டமான புது உடம்பு ஒன்று கட்டுவது. நேப்பிள்ஸிலிருந்து லாண்டோ டி பியட்ரோ என்கிற பொற்கொல்லரை அழைத்து வந்து பொறுப்பைக் கொடுத்தார்கள். அடுத்த வருஷமே அவர் காலமாகிவிட்டார். வேலை நிற்கவில்லை. சுவர் எழும்பியது, வளைவுகள் எழும்பின...

1348-ல் பிளேக் வந்தது.

ஊரில் ஏறக்குறைய பாதி ஜனம் செத்துப் போயிற்று. அன்யோலோ டி தூரா என்கிற சியனாக்காரர் அதை எழுதி வைத்திருக்கிறார். தன் ஐந்து குழந்தைகளைத் தன் கையாலேயே புதைத்தவர் அவர். கல் சுமக்க ஆளில்லை. கஜானாவில் காசில்லை. மிச்சம் இருந்தவர்கள் நிமிர்ந்து பார்த்தபோது இன்னொன்றும் தெரிந்தது. கட்டிய வரைக்குமே கோளாறு. தூண்கள் சுமை தாங்காது. 1357-ல் திட்டத்தைக் கைவிட்டார்கள். ஆபத்தான பகுதிகளை அவர்களே இடித்தார்கள்.

18 வருஷம்!

மிச்சம் இருப்பது ராட்சச வெற்றுச் சுவர் ஒன்று. ஒரு சர்ச்சின் முகப்பாக இருந்திருக்க வேண்டியது. குறுகலான சுழல் படிக்கட்டில் மூச்சு வாங்க ஏறி, அதன் உச்சியில் நின்றோம். கீழே, கூரை போட்டிருக்க வேண்டிய இடத்தில் திறந்தவெளி. பக்கத்தில் பழைய கதீட்ரல் கம்பீரமாக மணியடித்துக் கொண்டிருக்கிறது.

பையன் ரொம்ப நேரம் பேசவில்லை. அப்புறம், "பழைய சர்ச்சை இடிக்காம விட்டாங்க பாருங்க மாமா... அதான் புத்திசாலித்தனம்" என்றான்.

"இந்தச் சுவரைக் கூட வீணாக்கலைடா. நாம டிக்கெட் வாங்கி நுழைஞ்சோமே மியூசியம், அது எதுக்குள்ள இருக்கு தெரியுமா? அந்தப் பாதி சர்ச்சோட பக்கவாட்டு வளைவுகளை அடைச்சுக் கட்டினதுதான்."

இறங்கிப் போய் அந்த மியூசியத்தில் துச்சோ வரைந்த 'மயெஸ்தா' மாதா ஓவியத்தின் முன் நின்றோம். 1308-ல் ஒப்பந்தம். ஒரு நாள் கூலி 16 ஸோல்தி. வராத நாளுக்குப் பிடித்தம் (லாஸ் ஆஃப் பே!). முடிகிற வரை வேறு வேலை தொடக்கூடாது. 1311 ஜூன் 9-ம் தேதி ஊரே கடையை மூடிவிட்டு, மணியடித்து, ஊர்வலமாக அதைக் கதீட்ரலுக்குத் தூக்கிப் போனது. 1506-ல் பீடத்திலிருந்து இறக்கினார்கள். 1771-ல் ரம்பத்தால் அறுத்துப் பிரித்தார்கள். சில துண்டுகள் இன்று லண்டன், நியூயார்க், வாஷிங்டன் என்று சிதறிக் கிடக்கின்றன. மிச்சம் இருப்பதைத் தாங்கிக்கொண்டிருப்பது, கைவிட்ட அந்த ப்ராஜெக்டின் சுவர்கள்தான்.

திரும்பும் பஸ்ஸில் பையன் லேப்டாப்பைத் திறந்தான். எதையோ தேடினான். "நாங்க எழுதினதுல மூணு பகுதி தனியாவே உபயோகப்படும்னு நினைக்கிறேன். திங்கட்கிழமை கேட்டுப் பாக்கறேன்" என்றான். 'ஒத்துக்கொள்வார்களா?' என்று நான் கேட்கவில்லை. அவனுக்கும் தெரியாது.

ராத்திரி பதினோரு மணிக்கு வீடு வந்து சேர்ந்தோம். நான் செருப்பைக் கழற்றுவதற்குள் கிச்சனிலிருந்து குரல்:

"மாமா, தயிர் சாதம் பிசையறேன். அந்த நார்த்தங்காயை எங்கே வெச்சீங்க?"