ஐந்து காசும் ஆலை முதலாளியும்

பொங்கோலிலிருந்து சிராங்கூன் ஆற்றைக் கடந்தால் லோரோங் ஹாலுஸ். இன்று அது ஈரநிலப் பூங்கா. 1999 வரை பெருநிலத்தில் எஞ்சியிருந்த கடைசிக் குப்பைமேடு. நிலத்தில் இடமற்றுக் கடலிலுள்ள செமாக்காவுக்குப் போனோம். நாம் எறியும் நெகிழித் தாள்கள் எரிந்து சாம்பலாய்ச் சேருமிடம் அதுவே. அதுவும் 2035ஆம் ஆண்டளவில் நிரம்பிவிடுமென அரசே கணித்துள்ளது. பின்னர் எங்கே போவோம்?

2023இல் நம் நெகிழிக் கழிவில் மறுபயனீடு கண்டது நூற்றுக்கு 5 மட்டுமே. மக்களுக்குப் பொறுப்பில்லை என்பர் சிலர். அவ்வாண்டு ஜூலை முதல் பெரிய பேரங்காடிகளில் பைக்குக் குறைந்தது 5 காசு கொடுப்போர் மக்களல்லரோ? அப்பைக்குள் புகும் அரிசியையும் முறுக்கையும் பொதிந்த தாளுக்குப் பொறுப்பேற்பவர் யார்? ஆண்டு விற்பனை 1 கோடி வெள்ளியைத் தாண்டிய நிறுவனங்கள் 2022 முதல் பொதிகளின் எடையைத் தெரிவிக்கின்றன. கணக்குக் காட்டினால் கடன் தீர்ந்துவிடுமா?

பல அடுக்குத் தாளை மீண்டும் உருக்குவது அரிது என்பது ஆலையாரின் வாதம். அவ்வாறு ஒட்டிச் செய்தவர் அவரேயன்றோ! பிரிட்டன், 30 விழுக்காடேனும் பழைய நெகிழி கலவாத பொதிகளுக்கு 2022 முதல் வரி விதிக்கிறது. அவ்வாண்டே இந்தியா வகுத்த விதி, நெகிழித் தாள் பொதிகளுக்கு 10 விழுக்காட்டில் தொடங்கியது. இங்கும் அத்தகைய சட்டம் வேண்டும். உணவைத் தொடும் தாளுக்குத் தூய்மை கருதி விலக்களிக்கலாம். வெளியுறைக்கு விலக்கு எதற்கு?

ஆசிரியப் பெருமக்களே! சிக்கனம் போதிப்பதோடு நில்லாமல், பொதியைத் திருப்பிப் பார்த்து, "இதில் பழையது எத்தனை விழுக்காடு?" என்று கேட்கவும் மாணவர்க்குக் கற்பிப்போம்.